பெயர் சுட்டாத பாடல்கள்: கிறிஸ்டின் மக்வீயை நம் வகுப்பறைகள் வாசிக்கும் விதம் குறித்து

வெகுசனப் பண்பாட்டு ஆய்வு என்ற தலைப்பின்கீழ் மேற்கத்திய பாப் இசை நம் பல்கலைக்கழகங்களின் ஆங்கிலத் துறைகளுக்குள்ளும் பண்பாட்டு ஆய்வுத் துறைகளுக்குள்ளும் நுழைந்துவிட்டது. இதில் எனக்கு மகிழ்ச்சியே. ஆனால் நுழைந்தபின் அது படிக்கப்படும் விதம் குறித்து நெடுநாளாகவே ஒரு மனக்குறை உண்டு. எடுத்துக்காட்டாக, ஃப்ளீட்வுட் மேக் இசைக்குழுவின் 'ரூமர்ஸ்' இசைத்தட்டு. 1977 பிப்ரவரியில் வெளிவந்து, அமெரிக்கப் பட்டியலில் 31 வாரங்கள் முதலிடம் வகித்து, அடுத்த ஆண்டு சிறந்த இசைத்தொகுப்புக்கான கிராமி விருதைப் பெற்று, இதுவரை 4 கோடிப் படிகளுக்கு மேல் விற்ற படைப்பு. அதைப் பற்றி எந்த மாணவரைக் கேட்டாலும் ஐந்து பேரின் முறிந்த உறவுகளை வரிசைப்படுத்திச் சொல்வார். யார் யாரைப் பிரிந்தார், எந்தப் பாடல் யாரைக் குறித்தது, யாருடைய கணவர் எந்தப் பாடலுக்கு வாசிக்க நேர்ந்தது என்பதெல்லாம் மனப்பாடம். அத்தட்டின் 11 பாடல்களில் மிகுதியானவற்றை எழுதியவர் யார் என்று கேட்டால் மட்டும் ஓர் அமைதி நிலவும்.

விடை, கிறிஸ்டின் மக்வீ. நான்கு பாடல்கள் முழுமையாக அவருடையவை. லிண்ட்சி பக்கிங்ஹாமுக்கு மூன்று, ஸ்டீவி நிக்ஸுக்கு மூன்று, எஞ்சிய ஒன்று ஐவரின் பெயரிலும் பதிவானது. இது 'ரூமர்ஸ்' தட்டுக்கு மட்டும் உரிய கணக்கும் அன்று. 1988இல் அக்குழு வெளியிட்ட 'கிரேட்டஸ்ட் ஹிட்ஸ்' தொகுப்பின் அமெரிக்கப் பதிப்பில் 16 பாடல்கள் உள்ளன. அவற்றுள் எட்டு அவர் தனித்தோ பிறருடன் சேர்ந்தோ எழுதியவை. மூன்று பாடலாசிரியர்கள் இருந்த ஒரு குழுவில் சரிபாதி ஒருவருடையது. அப்படிப்பட்டவர் ஆய்வுக் கட்டுரைகளில் "மற்றும்" என்ற இடைச்சொல்லுக்குப் பின்னால் வருபவராக ஏன் ஆகிப்போனார் என்பதே என் கேள்வி.

இங்கே நம் வாசகர்களுக்கு ஒரு விளக்கம் தேவைப்படலாம். நம் திரைப்பாடலில் மெட்டமைப்பவர் ஒருவர், வரி எழுதுபவர் ஒருவர், பாடுபவர் வேறொருவர். ஃப்ளீட்வுட் மேக் போன்ற குழுவில் பாடலாசிரியர் என்றால் சொல்லும் மெட்டும் ஒருவருடையவையே. பெரும்பாலும் பாடுபவரும் அவரே. ஆகவே கிறிஸ்டினின் பாடலை வரிகளாக மட்டும் அச்சிட்டு வாசிப்பது, அவர் செய்த வேலையில் ஒரு பகுதியை மட்டும் எடுத்துக்கொண்டு மற்றதைக் கிடப்பில் போடுவதாகும்.

அவரது இயற்பெயர் கிறிஸ்டின் பெர்ஃபெக்ட். 1943 ஜூலை 12 அன்று இங்கிலாந்தின் ஏரி மாவட்டத்தை ஒட்டிய பௌத் என்ற சிற்றூரில் பிறந்து, பர்மிங்காமை அடுத்த பேர்வுட்டில் வளர்ந்தார். தந்தை சிரில் பெர்ஃபெக்ட் வயலின் கலைஞர்; ஆசிரியப் பயிற்சிக் கல்லூரியில் இசை கற்பித்தவர். தாய் ஆவியுலகத் தொடர்பும் குணமளிக்கும் ஆற்றலும் தமக்கு உண்டென்று நம்பியவர். வாழ்க்கை வரலாறு எழுதுவோர் இந்தத் தாயை விட மனமில்லாமல் பக்கங்களை நிரப்புவதுண்டு. எனக்கு முக்கியமாகப் படுவது வேறொன்று. முறையாகச் செவ்வியல் பியானோ கற்றுவந்த சிறுமியின் பதினைந்தாம் வயதளவில் அவருடைய அண்ணன் ஃபேட்ஸ் டாமினோவின் பாடல்கள் அடங்கிய இசைக்குறியீட்டு நூல் ஒன்றை வீட்டுக்குக் கொண்டுவந்தார். நியூ ஆர்லியன்ஸ் பியானோவின் உருண்டோடும் இடக்கை அந்த நூலிலிருந்து அவரிடம் ஒட்டிக்கொண்டது. பிறகு அது அவரை விட்டு நீங்கவேயில்லை. இருபது ஆண்டுகள் கழித்து உலகமே முணுமுணுத்த பாடல்களின் அடித்தளத்தில் அந்த இடக்கைதான் நடந்துகொண்டிருக்கிறது.

அவர் கல்லூரியில் பயின்றது இசை அன்று, சிற்பம். பர்மிங்காமின் மோஸ்லி கலைப்பள்ளியில் ஐந்தாண்டுகள் படித்து, ஓவிய ஆசிரியர் ஆவதே திட்டமாக இருந்தது. படிப்பு முடிந்து லண்டன் சென்றபின் பெரிய கடையொன்றில் காட்சிச் சாளரம் அலங்கரிக்கும் வேலை பார்த்தார். பழைய நண்பர்கள் தொடங்கிய சிக்கன் ஷாக் என்ற ப்ளூஸ் குழு அவரை அங்கிருந்து 1967இல் மீட்டது. எட்டா ஜேம்ஸ் பாடிப் புகழ்பெற்றிருந்த ஒரு பாடலை அக்குழுவுக்காக அவர் பாட, 1969இல் அது பிரித்தானியப் பட்டியலில் 14ஆம் இடம் வரை ஏறியது. 'மெலடி மேக்கர்' இதழ் அவரைச் சிறந்த பாடகியாகத் தேர்ந்தது. அக்காலத்து பிரித்தானிய ப்ளூஸ் மேடை பெரும்பாலும் கிதார் ஏந்திய இளைஞர்களின் மேடை. பியானோவுக்குப் பின்னால் அமர்ந்து, குழுவுக்கு வாசித்தபடியே பாடிய ஒரு பெண் அங்கே அரிதான காட்சி. அலங்காரமாக முன்னே நிற்கும் பாடகியாக அவர் ஒருபோதும் இருந்ததில்லை. தொடக்கத்திலிருந்தே வாத்தியக்காரர். இதை நான் வலியுறுத்துவதற்குக் காரணம் உண்டு. நாம் அவரைப் படிக்கும்போது முதலில் கைவிடுவது இதைத்தான்.

1968இல் ஃப்ளீட்வுட் மேக்கின் பேஸ் கிதார் கலைஞர் ஜான் மக்வீயை மணந்தார். 1970இல் குழுவை நிறுவிய பீட்டர் கிரீன் விலகியபின், தள்ளாடிக்கொண்டிருந்த அக்குழுவில் முறைப்படி உறுப்பினரானார். அதற்கு முன்பே அவர்களுடைய பதிவுகளுக்குப் பியானோ வாசித்திருக்கிறார். 'கில்ன் ஹவுஸ்' தட்டின் உறையிலுள்ள ஓவியமும் அவர் வரைந்ததே. 1971 முதல் 1974 வரை ஐந்து தட்டுகள் வெளிவந்தன. ஒரு கிதார் கலைஞர் சுற்றுப்பயணத்தின் நடுவே ஒரு மதக்குழுவில் சேர்ந்து காணாமற்போனார், இன்னொருவர் நீக்கப்பட்டார், 1974இல் மேலாளரே வேறு ஆட்களைத் திரட்டி, ஃப்ளீட்வுட் மேக் என்ற பெயரில் மேடையேற்றிய கூத்தும் நடந்தது. வரலாற்று நூல்கள் இந்த ஐந்தாண்டுகளை இடைவேளையைப் போலத் தாண்டிச் செல்கின்றன. அந்தத் தட்டுகளைப் பொறுமையாகக் கேட்போருக்குத் தெரியும்: கிறிஸ்டின் பாடல் எழுதக் கற்றது அங்கேதான். 'ஸ்பேர் மீ எ லிட்டில் ஆஃப் யுவர் லவ்' 1972ஆம் ஆண்டுப் பாடல். பின்னாளில் உலகறிந்த கிறிஸ்டினின் முறை முழுவதும் அதில் அமைந்துவிட்டது: முன்னிலையை நோக்கிய நேரான பேச்சு, சிறு சொற்கள், ஒரே கேட்பில் நெஞ்சில் தங்கும் மெட்டு, ஒருபோதும் உச்சக்குரலுக்குத் தாவாத தாழ்ந்த குரல்.

1974 இறுதியில் பக்கிங்ஹாமும் நிக்ஸும் குழுவில் சேர்ந்தனர். அதன்பின் வந்த எழுச்சி முழுவதையும் அவ்விருவர் கணக்கில் வைப்பது வழக்கம். அவர்களின் பங்கு பெரிது, ஐயமில்லை. ஆயினும் 1975ஆம் ஆண்டின் 'ஃப்ளீட்வுட் மேக்' தட்டிலிருந்து அமெரிக்காவில் முதல் இருபது இடங்களுக்குள் முதன்முதலாக நுழைந்த பாடல் கிறிஸ்டினின் 'ஓவர் மை ஹெட்'. அதன்பின் நிக்ஸின் 'ரியான்னன்' 11ஆம் இடத்துக்கும், கிறிஸ்டினின் 'சே யூ லவ் மீ' அதே 11ஆம் இடத்துக்கும் சென்றன. தட்டு வெளிவந்து ஓராண்டுக்கும் மேல் கழிந்த பிறகே முதலிடத்தை அடைந்தது. அந்த நீண்ட ஏற்றத்தில் வானொலி நிலையங்கள் ஒலிபரப்பிய மூன்று பாடல்களில் இரண்டு அவருடையவை.

இனி, 'ரூமர்ஸ்'. 1976இல் அதன் பதிவு நடந்த காலத்தில் மக்வீ தம்பதியர் பிரிந்திருந்தனர். பக்கிங்ஹாம்–நிக்ஸ் உறவு முறிந்துகொண்டிருந்தது. மிக் ஃப்ளீட்வுட்டின் மணவாழ்வும் சிதைந்திருந்தது. இவை எல்லோரும் அறிந்தவை. குழுவே இவற்றை மறைக்கவில்லை. இசை நிறுவனத்துக்கு இவை நல்ல விற்பனைச் சரக்காகவும் இருந்தன. விளைவாக, ஒவ்வொரு பாடலும் ஒரு வாக்குமூலமாக வாசிக்கப்படலாயிற்று. 'டோன்ட் ஸ்டாப்' பிரிந்த கணவருக்கு எழுதியது. 'யூ மேக் லவ்விங் ஃபன்' புதிய காதலரான, குழுவின் ஒளியமைப்பாளரைக் குறித்தது. 'ஓ டாடி' மிக் ஃப்ளீட்வுட்டைக் குறித்தது என்று அட்டவணை போட்டாயிற்று. மாணவர்களின் பருவத்தேர்வுக் கட்டுரைகள் இந்த அட்டவணையை உரைநடையாக்கித் தருகின்றன. கொஞ்சம் ஃபூக்கோவும் சேர்த்தால் கருத்தரங்கக் கட்டுரை.

தமிழ் இலக்கிய மரபில் வந்த நமக்கு இந்த வாசிப்பு உறுத்தியிருக்க வேண்டும். அகத்திணைக்குத் தொல்காப்பியர் வகுத்த விதி நம் எல்லோருக்கும் தெரியும்: ஐந்திணைப் பாட்டில் தலைவன், தலைவி எவருடைய இயற்பெயரும் சுட்டப்படலாகாது. பெயர் வந்தால் அது புறம். நெடுநல்வாடை முழுவதும் பிரிவின் துயரைப் பாடியும், வேப்பம்பூவென்னும் ஒரு குறிப்பு பாண்டியனைச் சுட்டிவிடுகிறது என்பதால் அதைப் புறம் என்றார் நச்சினார்க்கினியர். அந்த முடிவோடு நாம் உடன்படலாம், மறுக்கலாம். அதன் பின்னாலுள்ள கருத்து கூர்மையானது. பெயர் நீங்கியவுடன் பாட்டிலுள்ள துயர் ஒருவருடையதாக இல்லாமல் எவருக்கும் உரியதாகிறது. கேட்பவர் வந்து அமர்வதற்கு ஓர் இடம் காலியாகிறது. பெயரைத் திரும்பக் கொண்டுவந்தால் அந்த இடம் அடைபட்டுப்போகும்.

கிறிஸ்டின் மக்வீக்குத் தொல்காப்பியம் தெரியாது என்பதைச் சொல்ல வேண்டியதில்லை. அவர் பாடல்களின் இயல்பை விளக்க இதைவிடப் பொருத்தமான கருவி எனக்குக் கிடைக்கவில்லை என்பதால் இங்கே எடுத்துக்கொள்கிறேன். அவர் பாடல்களில் பெரும்பாலும் மனிதப் பெயர்கள் இல்லை, ஊர்ப் பெயர்கள் இல்லை. 'நான்', 'நீ' இரண்டே பாத்திரங்கள். அதே குழுவின் ஸ்டீவி நிக்ஸ் ரியான்னன், சாரா என்று பெயர்களால் ஓர் உலகைப் படைத்தவர். புராணச் சாயல், மூடுபனி, சூனியக்காரி, சால்வை என்று அவருடைய கவிதை உலகம் உரையாசிரியனை அழைக்கும். இலக்கியத் துறையினராகிய நாம் அங்கே ஓடிவிடுவது இயல்புதான். நமக்கு வேலை கொடுக்கிறாரே. கிறிஸ்டின் அப்படி எந்த முடிச்சும் போட்டு வைப்பதில்லை. முடிச்சில்லாத இடத்தில் என்ன செய்வதென்று தெரியாமல், நாம் பாடலுக்கு வெளியே போய் அவருடைய மணமுறிவை அவிழ்க்கத் தொடங்குகிறோம்.

இதற்கு எதிராக ஒரு வலுவான வாதம் உண்டு. அதைத் தவிர்த்துவிட்டுப் போவது நேர்மையாகாது. எந்தப் பாடல் யாரைக் குறித்தது என்பதைக் கிறிஸ்டினே நேர்காணல்களில் சொல்லியிருக்கிறாரே, ஆசிரியரே திறந்துவைத்த கதவைச் சாத்த நீ யார் என்று கேட்கலாம். ஆம், சொல்லியிருக்கிறார். ஆனால் எப்போது, யாரிடம் என்பதைப் பார்க்க வேண்டும். 'யூ மேக் லவ்விங் ஃபன்' பதிவான காலத்தில் அது தம் நாயைப் பற்றிய பாட்டென்றே ஜானிடம் சொல்லிவைத்தார் என்பது அவர்களே பின்னர் சிரித்துக்கொண்டு பகிர்ந்த கதை. ஜான் மக்வீயும் அந்தப் பாட்டுக்கு மிக அருமையாகவே பேஸ் வாசித்திருக்கிறார். முன்னாள் கணவர் பக்கத்தில் நின்று வாசிக்கும்படியாக அந்தப் பாட்டை அமைக்க முடிந்தது எதனால்? அதில் பெயரில்லை. பழிச்சொல் இல்லை. பெயரை நீக்கி எழுதும் அந்தத் திறமையே ஐந்து பேரை ஒரே அறையில் வைத்திருந்தது என்றுகூடச் சொல்வேன். பக்கிங்ஹாமும் நிக்ஸும் ஒருவரையொருவர் பாட்டில் குத்திக்கொண்டார்கள். அது வேறு வகை வலிமை. ஆனால் இருவரும் அப்படிக் குத்திக்கொள்ளும்போது தட்டு முழுவதும் நீதிமன்றமாகிவிடாமல் நடுவே காற்றோட்டம் தந்தவை கிறிஸ்டினின் நான்கு பாடல்கள்.

'டோன்ட் ஸ்டாப்' பாட்டை அட்டவணையின்றிக் கேட்டுப் பாருங்கள். பிரிந்துசெல்லும் ஒருவருக்கு இன்னொருவர் சொல்லும் ஆறுதல் அதன் பொருள். அந்தப் பொருளுக்கு மெல்லிய சோகமெட்டு போட்டிருந்தால் யாரும் வியந்திருக்கமாட்டார்கள். அவர் போட்டிருப்பது துள்ளல் நடை. ஒவ்வோர் அடியையும் மூன்றாகப் பகுத்து, நடுக்கூற்றை விழுங்கிவிட்டு நொண்டியபடி முன்னேறும் ப்ளூஸ் தாளம். ஃபேட்ஸ் டாமினோ நூலிலிருந்து வந்த அதே இடக்கை. பாட்டைக் கிறிஸ்டின் மட்டும் பாடவுமில்லை. பக்கிங்ஹாமும் அவரும் அடிகளைப் பகிர்ந்துகொள்கிறார்கள். ஆறுதல் சொல்பவர் ஆணா பெண்ணா, பிரிந்தவரா பிரியப்பட்டவரா என்பது இந்தப் பகிர்வில் கரைந்துபோகிறது. வரிகளை மட்டும் அச்சிட்டு வகுப்பில் கொடுத்தால் இது எதுவும் தெரியாது. தெரிவதெல்லாம் வாழ்த்து அட்டையில் எழுதத்தக்க சில வாக்கியங்கள். "இதில் ஆய்வு செய்ய என்ன இருக்கிறது?" என்று நான் கலந்துகொண்ட ஒரு பயிலரங்கில் மூத்த பேராசிரியர் ஒருவர் கேட்டார். தாளில் பார்த்தால் அவர் கேட்டது சரிதான்.

பெயரில்லாத பாட்டு எவருடைய வாயிலும் பொருந்தும் என்பதற்கு இன்னொரு சான்று, கொஞ்சம் கசப்பானதும்கூட. 1992இல் பில் கிளிண்டன் தம் தேர்தல் பரப்புரைக்கு அதே பாடலைப் பயன்படுத்தினார். பிரிந்திருந்த குழுவினர் 1993 சனவரியில் அவருடைய பதவியேற்பு விழாவுக்காக ஒன்றுகூடி அதை வாசித்தனர். ஒரு மணமுறிவின் ஆறுதல் ஒரு கட்சியின் நம்பிக்கை முழக்கமாயிற்று. ஒரு சொல்லும் மாற்ற வேண்டியிருக்கவில்லை. காலியிடம் வைத்து எழுதுவதன் பலமும் அபாயமும் இதில் சேர்ந்தே தெரிகின்றன.

'சாங்பேர்ட்' பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். ஒரு நள்ளிரவில் ஏறத்தாழ அரைமணி நேரத்தில் மெட்டும் சொல்லும் சேர்ந்தே வந்தன என்றும், பதிவுக்கருவி அருகில் இல்லாததால் மறந்துவிடுவோமோ என்று விடியும்வரை உறங்காமல் இருந்தார் என்றும் அவர் சொல்லியிருக்கிறார். தெய்வ அருள் போன்ற இக்கதையை எல்லோரும் விரும்பிச் சொல்கிறார்கள். பதிவு எப்படி நடந்தது என்பதே எனக்கு இன்னும் சுவையானது. சாசலிட்டோவிலிருந்த பதிவுக்கூடத்தின் ஒலி அந்தப் பாட்டுக்குப் போதாது என்று பொறியாளர் கென் கலாட் கருதினார். பெர்க்லியிலுள்ள செல்லர்பாக் அரங்கை ஓரிரவுக்கு எடுத்து, ஆளில்லாத அந்த மேடையில் பெரிய பியானோவை வைத்து, அதன்மேல் ரோசாப்பூக்களும் மேலே விளக்கொளியுமாக ஏற்பாடு செய்தனர். காலப்பிரமாணம் தவறாதிருக்கப் பக்கிங்ஹாம் கிதாரை மெல்ல மீட்டினார். பியானோவும் குரலும் ஒன்றாகவே பதிவாயின. குறையில்லாமல் அமையும்வரை மீண்டும் மீண்டும் வாசித்தார். இரவு முழுவதும் கழிந்தது. அரைமணியில் பிறந்த பாட்டு ஓரிரவின் உழைப்பால் ஒலியானது. முதல் பாதியை மட்டும் சொன்னால் அவர் உள்ளுணர்வால் பாடும் பறவை ஆகிறார். இரண்டாம் பாதியையும் சேர்த்தால்தான் ஐந்தாண்டுகள் சிற்பம் செதுக்கப் பயின்ற கலைஞர் தெரிகிறார். பெண் பாடலாசிரியர்களைப் பற்றி எழுதும்போது நாம் முதல் பாதியோடு நின்றுவிடுவது தற்செயல் என்று எனக்குத் தோன்றவில்லை.

2016இல் பாப் டிலனுக்கு நோபல் பரிசு கிடைத்தபின் பாடலாசிரியரை இலக்கியவாதியாகக் கொள்வதில் நம் துறைகளுக்குத் தயக்கம் நீங்கியது. நல்லதே. ஆனால் அந்தக் கதவு டிலனின் அளவுக்கே வெட்டப்பட்டது: தனியொருவர், நீண்ட பாட்டு, படிமச் செறிவு, தாளில் வாசித்தாலும் நிற்கும் வரி. குழுவுக்குள் இருந்துகொண்டு, பிறர் பாடுவதற்கும் வாசிப்பதற்கும் இடம்விட்டு, மூன்றரை நிமிடத்தில் முடியும் பாட்டை எழுதியவர்கள் அந்தக் கதவில் நுழைய முடியவில்லை. தனிமேதை என்ற கருத்தாக்கத்தை இலக்கியத்தில் கட்டுடைத்துவிட்டதாகப் பெருமைப்படும் நாம், பாப் இசைக்கு வந்தவுடன் அதே மேதையைத் தேடி அலைகிறோம்.

கிறிஸ்டின் எழுதியதெல்லாம் மாணிக்கம் என்று நான் வாதிடவில்லை. 1984இல் வந்த தனித்தட்டில் 'காட் எ ஹோல்ட் ஆன் மீ' அமெரிக்காவின் முதல் பத்துக்குள் சென்றாலும், அத்தட்டின் பெரும்பகுதி ஆசுவாசமானது, மறக்கத்தக்கது. அவர் கையிலிருந்த எளிமை சில நேரம் வெறும் வழவழப்பாகச் சறுக்கியதுண்டு. 1990ஆம் ஆண்டின் 'பிஹைண்ட் த மாஸ்க்' தட்டையும் நான் விரும்பிக் கேட்டதில்லை. இடையே 1987இல் வந்த 'டாங்கோ இன் த நைட்' வேறு தரம். இரண்டாம் கணவர் எடி குயிண்டெலாவுடன் சேர்ந்து எழுதிய 'லிட்டில் லைஸ்' அமெரிக்காவில் நான்காம் இடம் பெற்றது. 'எவ்ரிவேர்' பிரித்தானியாவில் நான்காம் இடம் பெற்றது. இன்றைய இருபது வயதினர் பலர் அவரைக் கண்டடைவது இதன் வழியாகத்தான். பொய்யென்று தெரிந்தும் பொய்யைக் கேட்டு வாங்கும் ஒரு மனநிலையை, ஊடல் தீர்க்கும் வாயில்களின் பேச்சைப் படித்து வளர்ந்த நாம் நன்றாகவே உணர முடியும்.

1990இல், சுற்றுப்பயணத்தில் இருந்தபோது தந்தை இறந்தார். அதன்பின் நீண்ட பயணங்களைக் குறைத்தார். 1997இல் 'த டான்ஸ்' நிகழ்ச்சிக்காகப் பழைய ஐவரும் கூடினர். 1998இல் ராக் அண்ட் ரோல் புகழ்மன்றத்தில் குழு இடம்பெற்றது. அவ்வாண்டே அவர் விலகினார். விமானப் பயணத்தின் மீதான அச்சம் முற்றியிருந்தது. கென்ட் மாவட்டத்தில் கேன்டர்பரிக்கு அருகிலுள்ள விக்கம்ப்ரோ என்ற கிராமத்தில் பழைய வீடொன்றைப் புதுப்பித்து, நாய்களோடு வாழ்ந்தார். 2004இல் சகோதரர் மகனின் துணையுடன் 'இன் த மீன்டைம்' என்ற தட்டைப் பெரும்பாலும் வீட்டிலேயே உருவாக்கினார். அதை விற்க அவர் பயணம் போகவில்லை. அது விற்கவும் இல்லை.

இந்தப் பதினைந்து ஆண்டுகளைப் பற்றி எழுதுவோர் 'மறைந்தார்', 'ஒதுங்கினார்', 'காணாமற்போனார்' என்றே சொல்கின்றனர். முப்பது ஆண்டுகள் உழைத்தபின் ஒருவர் வேலையை நிறுத்துவதற்கு நம் பொதுவாழ்வில் ஓய்வு என்று பெயர். கலைஞர் நிறுத்தினால் மட்டும் அது புதிராகிவிடுகிறது. சிதைவின் கதை கிடைக்கவில்லை என்றால் நம் வாழ்க்கை வரலாற்று முறை திகைத்து நிற்கிறது. போதையில் அழிந்தவருக்கும் இளமையில் இறந்தவருக்கும் அதில் அத்தியாயங்கள் தயார். நாய்களை வளர்த்துக்கொண்டு தோட்டம் பார்த்தவருக்கு ஒரு பத்தி. அந்த வாழ்வு அவருக்கு முழுநிறைவாக இருந்தது என்றும் நான் கற்பனை செய்ய விரும்பவில்லை. கிராமத் தனிமை நாளடைவில் அலுத்துப்போனதையும், அச்சத்தைக் கடக்க உளச் சிகிச்சை பெற்றதையும் அவரே வெளிப்படையாகச் சொல்லியிருக்கிறார். 2013 செப்டம்பரில் லண்டன் ஓ2 அரங்கில் குழுவோடு மேடையேறி 'டோன்ட் ஸ்டாப்' வாசித்தார். 2014 சனவரியில் மீண்டும் உறுப்பினரானார். அவ்வாண்டே பிரித்தானியப் பாடலாசிரியர்களின் ஐவர் நொவெல்லோ வாழ்நாள் சாதனை விருதும் வந்தது. அப்போது அவருக்கு வயது எழுபதைத் தாண்டியிருந்தது. 2017இல் பக்கிங்ஹாமுடன் சேர்ந்து அவர் வெளியிட்ட தட்டைக் கேட்டால், பாடல் கட்டும் கை சிறிதும் தளரவில்லை என்பது தெரியும்.

2022 நவம்பர் 30 அன்று, 79ஆம் வயதில் இறந்தார். இறப்பதற்குச் சில மாதங்களுக்கு முன் அவருடைய தனிப்பாடல்களின் தொகுப்பொன்று வெளியாகியிருந்தது. அதில் வின்ஸ் மெண்டோசாவின் வாத்தியக்கோவையோடு இடம்பெற்ற 'சாங்பேர்ட்' பாட்டுக்கு 2023 பிப்ரவரியில் இசைக்கோவைக்கான கிராமி விருது கிடைத்தது. இத்தனை நரம்பிசைக் கருவிகளைச் சேர்த்தும் அந்தப் பாட்டு எதையும் இழக்கவில்லை, கூடுதலாக எதையும் பெறவுமில்லை என்பது என் எண்ணம். செல்லர்பாக் அரங்கின் வெற்று மேடையிலேயே அது முடிந்திருந்தது.

வரும் பருவத்தில் வெகுசன இசையைப் பாடமாக நடத்தவிருக்கும் நண்பர்களிடம் ஒரு வேண்டுகோள். 'ரூமர்ஸ்' பாடத்தின் முதல் இரண்டு வகுப்புகளில் யார் யாரைப் பிரிந்தார் என்பதைச் சொல்லாதீர்கள். வரிகளின் நகலையும் கொடுக்காதீர்கள். 'டோன்ட் ஸ்டாப்', 'சாங்பேர்ட்', 'யூ மேக் லவ்விங் ஃபன்' மூன்றையும் நல்ல ஒலிபெருக்கியில் இரண்டு முறை கேட்கச் செய்து, இடக்கை என்ன செய்கிறது, குரல் எங்கே உயராமல் நிற்கிறது, பேசுபவர் எவர் என்பதற்குப் பாட்டுக்குள் என்ன சான்று உண்டு என்று மாணவர்களை எழுதச் சொல்லுங்கள். மூன்றாம் வகுப்பில் வேண்டுமானால் ஜான் மக்வீ வரட்டும், தம் பேஸ் கிதாரோடு.